கண்ணெழுத்திலிருந்து கைரேகைக்கு: கடைச் சரக்கின் காவலும் கணக்கும் – திருத்தணி எல்லைப்பகுதி நியாயவிலைக் கடைகளை முன்வைத்து

ஆய்வுச்சுருக்கம்

சில்லறை வணிகத்தில் திருட்டைத் தடுக்கவும் சரக்கிருப்பைக் கண்காணிக்கவும் உருவான தொழில்நுட்பங்கள் அனைத்தும் பொருளின்மேல் ஓர் அடையாளத்தைப் பொறிப்பதை அடிப்படையாகக் கொண்டவை. தமிழ்நாட்டின் மிகப் பெரிய சில்லறை வலைப்பின்னலான பொது விநியோகத் திட்டத்தின் முதன்மைச் சரக்கோ அரிசி. அதன்மேல் அவ்வாறு எதையும் பொறிக்க இயலாது. ஆகவே அடையாளம் பொருளிலிருந்து அதனைப் பெறும் மனிதருக்கு இடம் மாறியது. இந்த இடமாற்றத்தின் வரலாற்றையும் விளைவுகளையும், ஆந்திர எல்லையை ஒட்டிய திருத்தணி, கே.ஜி.கண்டிகை வட்டாரத்தின் சூழலில் இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: நியாயவிலைக் கடை, சரக்கிருப்பு, பட்டைக்குறி, விற்பனை முனையக் கருவி, திருத்தணி, எல்லை மாற்றம், அரிசிக் கடத்தல்

1. பொதியின்மேல் எழுத்து

சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதை புகார் நகரின் வெள்ளிடை மன்றத்தைக் காட்டுகிறது. அங்கே வணிகரின் பொதிகள் வெட்டவெளியில் கிடக்கின்றன. ஒவ்வொன்றின் மேலும் உரியவரின் பெயரும் அளவும் கண்ணெழுத்தாகப் பொறிக்கப்பட்டுள்ளன. வாயில் இல்லை, தாழ் இல்லை, காவலரும் இல்லை. திருட முனைபவரின் தலையில் பொதியே ஏறி அமர்ந்து அவரைச் சுழலவைக்கும்; வெளியேறவிடாது. காவிரிப்பூம்பட்டினத்துத் துறைமுகத்தில் பண்டங்களின்மேல் புலி முத்திரை இடப்பட்டதைப் பட்டினப்பாலை பதிவு செய்கிறது. இவ்விரு செய்திகளையும் வணிக வரலாற்றாசிரியர்கள் பெரும்பாலும் சுங்கம், கடல் வாணிகம் ஆகியவற்றுக்கான சான்றாகவே எடுத்தாண்டுள்ளனர். சரக்குக் காவலின் வரலாற்றுக்கும் இவை முதன்மையானவை. முத்திரை, பண்டம் சுங்கத் துறையைக் கடந்துவிட்டதா என்பதைச் சொல்கிறது. கண்ணெழுத்து, பண்டம் யாருடையது, எவ்வளவு என்பதைச் சொல்கிறது. இன்றைய கடைகளில் வழங்கும் திருட்டுத் தடுப்புப் பட்டையும் சரக்குக் குறியீடும் இவ்விரு கேள்விகளுக்குத்தான் தனித்தனியே விடை தருகின்றன.

இடைப்பட்ட நீண்ட காலத்தில் கடைச் சரக்கைக் காத்தவை மேடையும் ஏடும். மளிகைக் கடையில் வாங்குபவர் மேடைக்கு வெளியே நிற்பார்; சரக்கு உள்ளே இருக்கும்; கடைப்பையன் எடுத்துத் தருவான். நாள்வழி, பேரேடு, ஐந்தொகை என வளர்ந்த கணக்குமுறை சரக்கை நேரடியாக எண்ணுவதில்லை. வரவுக்கும் செலவுக்கும் இடையே உள்ள எச்சமாகவே இருப்பைக் கண்டது. குறைவு ஏற்பட்டால் ஐயம் முதலில் கடைப்பையன் மீதே விழும். வாங்குபவர் சரக்கைத் தொடும் வாய்ப்பே அங்கு இல்லை என்பதை நினைவில் கொள்ள வேண்டும்.

2. தானே எடுக்கும் கடையும் ஐயத்தின் இடமாற்றமும்

1916ஆம் ஆண்டு அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரில் கிளாரன்ஸ் சாண்டர்ஸ் தொடங்கிய பிக்லி விக்லி கடை மேடையை நீக்கியது. வாங்குபவர் தாமே அலமாரிகளுக்கிடையே நடந்து பொருளை எடுத்து, வாயிலருகே பணம் செலுத்தினார். ஆட்செலவு குறைந்தது, விற்பனை பெருகியது. கூடவே ஐயமும் இடம் மாறியது. அதுவரை பணியாளர்மீது இருந்த கண் இப்போது வாங்குபவர்மீது திரும்பியது. திருட்டுத் தடுப்புத் தொழில் இந்தத் திருப்பத்திலிருந்தே பிறந்தது எனலாம்.

அத்தொழிலின் முதல் நிறுவனங்கள் 1960களின் பிற்பகுதியில் அமெரிக்காவில் தோன்றின. ஆர்தர் மினாசியின் நோகோ, ரொனால்ட் அசாஃப் தொடங்கிய சென்சர்மேட்டிக், செக்பாயிண்ட் ஆகிய மூன்றும் ஏறத்தாழ ஒரே காலத்தவை. இவற்றுள் செக்பாயிண்ட் முதலில் நூலகப் புத்தகங்கள் களவுபோவதைத் தடுக்கவே முயன்றது என்பது கல்விப்புலத்தினருக்குச் சுவையான செய்தியாக இருக்கக்கூடும். செயல்முறை எளியது. பொருளில் ஒட்டப்படும் மெல்லிய பட்டையில் ஒரு கம்பிச்சுருளும் மின்தேக்கியும் உள்ளன. கடை வாயிலின் இருபுறமும் நிற்கும் தூண்கள் வானொலி அலைகளை அனுப்ப, பட்டை 8.2 மெகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஒத்ததிர்கிறது, தூண் ஒலியெழுப்புகிறது. பணம் பெற்றவுடன் காசாளர் பட்டையைச் செயலிழக்கச் செய்துவிடுவார். பின்னர் வந்த ஒலிக்காந்த முறையில் 58 கிலோஹெர்ட்ஸ் அலைவரிசையில் அதிரும் உலோகத் தகடு பயன்பட்டது.

இப்பட்டைக்குத் தான் ஒட்டியிருக்கும் பொருள் சட்டையா சவரக்கத்தியா என்பது தெரியாது. பணம் கட்டப்பட்டதா இல்லையா என்ற ஒரே செய்தியை மட்டுமே அது அறியும். புகார்த் துறைமுகத்தின் முத்திரையைப் போல. பொருள் இன்னது என்று சொல்லும் வேலையை வேறொரு மரபு ஏற்றது. நார்மன் ஜோசப் வுட்லேண்ட், பெர்னார்ட் சில்வர் ஆகியோர் 1949இல் விண்ணப்பித்து 1952இல் காப்புரிமை பெற்ற பட்டைக்குறி, 1974 ஜூன் 26 அன்று ஒஹையோ மாநிலத்தின் டிராய் நகர அங்காடியில் ஒரு சூயிங்கம் பொட்டலத்தின்மேல் முதன்முறையாக வணிக முறையில் வருடப்பட்டது. பட்டைக்குறி பொருளின் வகையைச் சொல்லும். ஒரே வகைப் பொட்டலங்கள் ஆயிரம் இருந்தால் ஆயிரத்துக்கும் ஒரே எண்தான். ஒவ்வொரு பொருளுக்கும் தனியெண் என்ற நிலையை 1999இல் மாசச்சூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் தொடங்கப்பட்ட ஆட்டோ-ஐடி மையம் முன்வைத்தது. இந்தியாவில் பயின்ற சஞ்சய் சர்மாவும் பிரிட்டனைச் சேர்ந்த கெவின் ஆஷ்டனும் அம்மையத்தின் முன்னோடிகள். அவர்கள் வகுத்த மின்னணுப் பொருட்குறியின் பரவலான வடிவம் 96 இருமங்கள் கொண்டது. 2003இல் வால்மார்ட் நிறுவனம் தன் முதன்மை வழங்குநர்கள் 100 பேரும் 2005 ஜனவரிக்குள் சரக்குப் பெட்டிகளில் வானொலி அலை அடையாளப் பட்டை ஒட்டவேண்டும் என்று அறிவித்ததும் இத்துறைக்குப் பெருமுதலீடு வந்தது. எதிர்பார்த்த விரைவில் அது நிறைவேறவில்லை. ஆனால் ஆடை வணிகத்தில் பின்னாளில் வேரூன்றியது. சென்சர்மேட்டிக் 2001இல் டைக்கோவிடமும், செக்பாயிண்ட் 2016இல் கனடாவின் சிசிஎல் நிறுவனத்திடமும் சென்றன. பிந்தையது அச்சுவில்லை தயாரிக்கும் நிறுவனம் என்பது குறிக்கத்தக்கது. திருட்டுத் தடுப்பும் விலைவில்லையும் சரக்குக் கணக்கும் ஒரே தொழிலாக ஒன்றுசேர்ந்துவிட்டன.

மேலைச் சில்லறை வணிகர் ‘சுருங்கல்’ என்று பொருள்படும் சொல்லால் குறிப்பது ஏட்டிலுள்ள இருப்புக்கும் கடையிலுள்ள இருப்புக்கும் இடையிலான வேறுபாட்டை. வாங்குபவர் திருடுவது, பணியாளர் திருடுவது, வழங்குநர் குறைத்துத் தருவது, கணக்கில் பிழை நேர்வது என அதற்கு நான்கு காரணங்கள் கூறப்படும். கடை வாயில் தூண் இவற்றுள் முதலாவதை மட்டுமே காணும். எந்தக் குறைவைக் காண எங்கே கருவியை நிறுத்துகிறோம் என்பது தொழில்நுட்பத் தேர்வாக மட்டும் இருப்பதில்லை. யாரை ஐயுறுகிறோம் என்பதற்கான விடையும் அதில் அடங்கியுள்ளது.

தமிழ்நாட்டில் இம்மாற்றம் காலந்தாழ்ந்தே வந்தது. 1904இல் தொடங்கிய திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கம் நீண்ட காலம் மேடை வழி விற்பனையையே நம்பியது. 1996இல் சென்னையில் ஃபுட்வேர்ல்டு அங்காடி திறக்கப்பட்டதும், அதே ஆண்டில் இந்தியாவுக்கான பட்டைக்குறி எண்களை வழங்கும் அமைப்பு, இன்றைய ஜிஎஸ்1 இந்தியா, நிறுவப்பட்டதும் ஒரே பொருளாதாரச் சூழலின் விளைவுகள். 890 என்று தொடங்கும் எண் இன்று மளிகைப் பொட்டலங்களில் இயல்பாகக் காணப்படுகிறது. திருத்தணி போன்ற நகரங்களின் துணிக்கடைகளிலும் வாயில் தூணையும் கண்காணிப்புப் படக்கருவியையும் காண்பது இப்போது அரிதன்று. ஆனால் இவ்வட்டாரத்துச் சிற்றூர் மக்கள் மாதந்தவறாமல் செல்லும் கடை வேறு.

3. அடையாளம் ஏற்காத சரக்கு

தமிழ்நாட்டில் 34,000க்கும் மேற்பட்ட நியாயவிலைக் கடைகளும் 2 கோடிக்கும் மேற்பட்ட குடும்ப அட்டைகளும் உள்ளன. கிளைகளின் எண்ணிக்கையில் இதற்கு ஈடான தனியார் சில்லறை நிறுவனம் இந்தியாவில் இல்லை. சில்லறை வணிக வரலாறு எழுதுவோர் இதனை நலத்திட்டம் என்ற தலைப்பில் ஒதுக்கிவிடுவதும், நலத்திட்டம் குறித்து எழுதுவோர் இதனைக் கடையாகக் காணத் தவறுவதும் ஒரு குறைபாடே. கிடங்கு, வண்டி, இருப்புப் பதிவேடு, எடைத்தட்டு, விற்பனையாளர், கட்டுநர் என ஒரு கடைக்குரிய அனைத்தும் இங்கு உள்ளன. சரக்குக் குறைவு என்னும் சிக்கலும் உள்ளது.

இக்கடையின் வரலாறு இரண்டாம் உலகப்போர்க் காலப் பங்கீட்டு முறையில் தொடங்குகிறது. 1952இல் இராஜாஜி அரசு உணவுக் கட்டுப்பாட்டை நீக்கியது. 1965இல் இந்திய உணவுக் கழகம் சென்னையைத் தலைமையிடமாகக் கொண்டு தொடங்கியது. 1967இல் அண்ணா அரசு ரூபாய்க்கு ஒரு படி அரிசித் திட்டத்தைச் சென்னையிலும் கோவையிலும் நடைமுறைப்படுத்தியது. 1972இல் தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகம் உருவானது. 1955ஆம் ஆண்டின் இன்றியமையாப் பண்டங்கள் சட்டத்தின்கீழ் 1982இல் பிறப்பிக்கப்பட்ட அட்டைவழி விநியோக ஒழுங்குமுறை ஆணை இன்றுவரை இம்முறைக்குச் சட்ட அடித்தளமாக உள்ளது. அரிசியின் விலை 2006இல் கிலோ 2 ரூபாய், 2008இல் 1 ரூபாய் எனக் குறைந்து, 2011 ஜூன் முதல் விலையின்றி வழங்கப்படுகிறது.

விலை குறையக் குறைய வெளிச்சந்தை விலையுடனான இடைவெளி பெருகும். அந்த இடைவெளிதான் கடத்தலின் ஊதியம். அதனைத் தடுக்க அரசு முதலில் நாடியதும் பழைய வழிதான்: பொருளின்மேல் குறி இடுவது. பொது விநியோக மண்ணெண்ணெய் நீல நிறமூட்டப்பட்டதை அந்நாளைய குடும்பங்கள் அனைத்தும் அறியும். டீசலில் கலந்தாலோ வெளிச்சந்தையில் விற்றாலோ நிறம் காட்டிக்கொடுக்கும் என்பது நோக்கம். நிறத்தை நீக்கும் வழி கண்டறியப்பட்டபின், கண்ணுக்குத் தெரியாத வேதிக்குறி ஒன்று 2006இல் நாடளவில் மண்ணெண்ணெயில் சேர்க்கப்பட்டுச் சில ஆண்டுகளில் கைவிடப்பட்டது. 2007இல் தொடங்கிய சிறப்புப் பொது விநியோகத் திட்டத்தின் பாமாயில் பொட்டலத்தில் எழுத்து அச்சிட முடிந்தது. மதுப்புட்டிக்கு ஒட்டுவில்லை உண்டு. அரிசிக்கு என்ன செய்வது?

அரிசி உண்ணும் பொருளாதலால் நிறமூட்ட இயலாது. ஒரு மணி மற்றொரு மணியிலிருந்து வேறன்று. இரு மூட்டைகளைக் கொட்டிக் கலந்தால் எது எவ்விடத்தது என்று பிரிக்க வழியில்லை. சாக்கின்மேல் முத்திரை அச்சிடலாம், அச்சிடவும் படுகிறது. சாக்கை மாற்றினால் அடையாளம் முடிந்தது. கடத்தல் வழக்குகள் குறித்த செய்திகளில் அரிசி வேறு சாக்குகளில் மாற்றிக் கட்டப்பட்டிருந்தது என்ற குறிப்பு திரும்பத்திரும்ப வருவதற்கு இதுவே காரணம். ஆலையில் மீண்டும் தீட்டப்பட்டால் தோற்றமும் மாறிவிடும். 2023 முதல் மாநிலம் முழுதும் வழங்கப்படும் செறிவூட்டப்பட்ட அரிசியில் 100 மணிக்கு 1 மணி என்ற அளவில் ஊட்டச்சத்து மணிகள் கலக்கப்படுகின்றன. சத்துக்குறைவைப் போக்க வந்த அம்மணியே பொது விநியோக அரிசிக்குத் தற்செயலான கண்ணெழுத்தாகவும் அமையக்கூடும். எனினும் அது அரிசி இன்ன வகையது என்றுதான் சொல்லும். எந்தக் கடையினது, எந்த மாதத்தது என்று சொல்லாது.

4. 1960: எல்லையும் அரிசியும்

பொருளுக்கு அடையாளம் இல்லாதபோது இடத்துக்கு அடையாளம் வேண்டியிருக்கிறது. எல்லை, சோதனைச்சாவடி, ரயில் நிலையம் ஆகியவை அப்போது காவலாகின்றன. திருத்தணி வட்டாரத்தின் தனித்தன்மை இங்கே வெளிப்படுகிறது.

1953 அக்டோபர் 1 அன்று ஆந்திர மாநிலம் உருவானபோது சித்தூர் மாவட்டத்துடன் திருத்தணியும் அதன்பாற் சென்றது. ம.பொ.சிவஞானத்தின் தமிழரசுக் கழகமும் மங்கலங்கிழார் முதலிய வட்டாரத் தலைவர்களும் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் விளைவாக எச்.வி.படாஸ்கரின் பரிந்துரை அமைந்தது; 1959ஆம் ஆண்டின் எல்லை மாற்றச் சட்டம் 1960 ஏப்ரல் 1 அன்று நடைமுறைக்கு வந்தது. திருத்தணி சென்னை மாநிலத்தின் செங்கற்பட்டு மாவட்டத்தில் சேர்ந்தது. சத்தியவேடு ஆந்திரத்துக்குச் சென்றது. 1997இல் திருவள்ளூர் மாவட்டம் பிரிக்கப்பட்டபோது திருத்தணி அதன் பகுதியானது. மொழி, கோயில், நில உரிமை ஆகியவற்றை முன்வைத்தே இவ்வெல்லை வரலாறு எழுதப்பட்டுள்ளது. கோடு வரையப்பட்டபின் அதன் இருபுறமும் இரு வேறு உணவுக் கொள்கைகள் வளர்ந்தன என்பதற்கு உரிய இடம் தரப்படவில்லை.

1957இல் ஆந்திரம், சென்னை, மைசூர், கேரளம் ஆகிய நான்கும் சேர்ந்து தென் அரிசி மண்டலமாக அமைக்கப்பட்டபோது எல்லை கடந்த அரிசிப் போக்குவரத்து முறையான வணிகமாகவே இருந்தது. 1964இல் மண்டலம் கலைக்கப்பட்டு ஒவ்வொரு மாநிலமும் தனி மண்டலமானதும் அதே செயல் குற்றமானது. அன்று உபரி மாநிலமான ஆந்திரம் தன் அரிசி வெளியேறாமல் பார்த்துக்கொண்டது. 1983இல் என்.டி.ராமராவ் ஆந்திரத்தில் கிலோ 2 ரூபாய்க்கு அரிசி தந்தார். 2011இல் தமிழ்நாட்டில் அரிசி விலையற்றதாயிற்று. இன்று காவல் எதிர்த்திசையில் நிற்கிறது. வடக்கு நோக்கிச் செல்லும் அரிசியே மறிக்கப்படுகிறது.

வட தொண்டை மண்டலத்தில் கண்டிகை என்று முடியும் ஊர்ப்பெயர்கள் மிகுதி. திருத்தணி வட்டத்துக் கே.ஜி.கண்டிகையும் அவற்றுள் ஒன்று. தமிழும் தெலுங்கும் ஒரே தெருவில் வழங்கும் இச்சிற்றூர்களில் எல்லை என்பது உறவுமுறையையோ திருமணத்தையோ தடுப்பதில்லை. நகரி, புத்தூர்ச் சந்தைகளுக்குச் செல்வது அன்றாட நிகழ்வு. திருப்பதி நெடுஞ்சாலையில் பொன்பாடி சோதனைச்சாவடியும், அரக்கோணம்–ரேணிகுண்டா இருப்புப்பாதையில் திருத்தணி, பொன்பாடி நிலையங்களும் அரிசிக் கடத்தல் செய்திகளில் அடிக்கடி இடம்பெறுவன. ரயில் இருக்கைகளின் அடியிலிருந்து கைப்பற்றப்படும் சிறு மூட்டைகள் லாரியில் செல்லும் பெருஞ்சரக்கினின்றும் வேறுபட்டவை. முன்னதில் வீடுகளிலிருந்து கிலோவுக்குச் சில ரூபாய் தந்து சேர்த்த அரிசி இருக்கும். பின்னதில் கிடங்கிலிருந்தோ கடையிலிருந்தோ மொத்தமாக வெளியேறியது இருக்கக்கூடும். சட்டத்தின் பார்வையில் இரண்டும் கடத்தலே. சரக்குக் கணக்கின் பார்வையிலோ இவை முற்றிலும் வேறானவை. மொத்தமாக வெளியேறிய அரிசி இருப்பில் குறைவாகக் காட்ட வேண்டியது. வீட்டில் சேர்த்த அரிசி முறையாக விற்கப்பட்டதாக ஏற்கெனவே பதிவாகிவிட்டது. எந்தக் கருவியும் அதனைக் குறைவாகக் காட்டாது.

உண்ணத் தகுந்த தரத்தில் அரிசி இருந்தால் அதனை விற்கும் வீடுகள் எத்தனை இருக்கும் என்ற கேள்வி இவ்விடத்தில் எழுகிறது. அதற்குக் கண்காணிப்புத் தொழில்நுட்பத்தில் விடை இல்லை.

5. அட்டை, கருவி, விரல்

பழைய குடும்ப அட்டை ஒரு கையடக்கப் பேரேடு. மாதந்தோறும் விற்பனையாளர் அதில் பேனாவால் குறிப்பார். தம் பதிவேட்டிலும் எழுதுவார். 2009க்குப் பின் புதிய அட்டை அச்சிடப்படாமல் ஆண்டுதோறும் உள்தாள் ஒட்டி நீட்டிக்கப்பட்டதால் அட்டை பருத்துக்கொண்டே போனது. போலி அட்டை, இறந்தவர் பெயரில் வழங்கல், வாங்காத பொருளை வாங்கியதாக எழுதுதல் ஆகியவை இம்முறையின் நெடுநாள் நோய்கள். 2001இல் மக்கள் குடியுரிமைக் கழகம் தொடுத்த உணவுரிமை வழக்கின் தொடர்ச்சியாக உச்ச நீதிமன்றம் அமைத்த நீதிபதி வாத்வா குழு, பொது விநியோகத்தை முழுமையாகக் கணினிமயமாக்கப் பரிந்துரைத்தது. 2015இல் சாந்தகுமார் தலைமையிலான உயர்நிலைக் குழு, 2011–12ஆம் ஆண்டில் நாடளவில் 46.7 விழுக்காடு தானியம் கசிந்ததாக மதிப்பிட்டது. தமிழ்நாட்டின் நிலை அச்சராசரியைவிட மிகவும் மேலானது என்பதில் ஆய்வாளரிடையே பெரிய கருத்துவேறுபாடு இல்லை. அனைவருக்கும் பொதுவான விநியோகம், கூட்டுறவு நிர்வாகம், விழிப்பான வாக்காளர் ஆகியன காரணங்களாகக் கூறப்படுகின்றன. இந்த மேன்மை கருவிகள் வருவதற்கு முன்பே ஏற்பட்டது என்பதைக் கருத வேண்டும்.

2016 நவம்பரில் தமிழ்நாடு தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தை ஏற்றது. 2017 ஏப்ரல் முதல் விரைவுக்குறி பொறித்த மின்னணுக் குடும்ப அட்டைகள் வழங்கப்பட்டன. விற்பனை முனையக் கருவி அக்குறியை வருடும். கடையின் இருப்பிலிருந்து விற்ற அளவு கழியும். குடும்பத்தின் கைபேசிக்குக் குறுந்தகவல் செல்லும். ஒஹையோ அங்காடியில் சூயிங்கத்தின்மேல் வருடப்பட்டதன் வழித்தோன்றல், திருத்தணியில் குடும்பத்தலைவியின் படத்துக்கு அருகில் வந்து அமர்ந்தது. இங்கு குறியைச் சுமப்பது பண்டம் அன்று, குடும்பம்.

குறுந்தகவல் எதிர்பாராத நன்மை ஒன்றைச் செய்தது. வாங்காத பொருளுக்கு வாங்கியதாகச் செய்தி வந்தபோது, அதுவரை பதிவேட்டுக்குள் மறைந்திருந்த முறைகேடு வீட்டுக்குள் வந்து தன்னை அறிவித்தது. புகார்கள் பெருகின. விற்பனையாளரைக் கண்காணிக்க அமைந்த கருவிகளுள் குடிமக்களின் கையில் நேரடியாக அமைந்தது இதுவொன்றே. இதனைக் கட்டுரை வேறெந்தக் கருவியையும்விட உயர்வாக மதிப்பிடுகிறது.

2020 அக்டோபரில் ஒரே நாடு ஒரே குடும்ப அட்டைத் திட்டம் தமிழ்நாட்டில் நடைமுறைக்கு வந்தபோது அட்டையின் இடத்தை விரல் பிடித்தது. எந்த ஊரிலும் பொருள் பெறலாம் என்பது இடம்பெயரும் தொழிலாளர்க்குப் பெரும் பயன். ஆனால் கைரேகை என்பது அட்டையைப் போல எளிதில் மாற்றித்தரக்கூடியது அன்று. செங்கற்சூளையிலும் வயலிலும் நூறுநாள் வேலையிலும் தேய்ந்த விரலைக் கருவி ஏற்பதில்லை. முதியோரின் ரேகையும் மங்கியது. இணைய இணைப்பு தளர்ந்தால் வரிசை நிற்கும். கருவிழி வருடும் கருவிகள் பின்னர்ச் சேர்க்கப்பட்டதும், நடமாட இயலாதோர் தம் சார்பாளரை நியமிக்கப் படிவம் வழங்கப்பட்டதும் இக்குறை உண்மையானது என்பதற்கான அரசின் ஒப்புதலாகவே கொள்ளத்தக்கவை.

பிற மாநிலங்களின் பட்டறிவு இங்கு ஒப்புநோக்கத்தக்கது. ஜார்க்கண்ட் மாநிலத்தில் ஜீன் டிரேஸ் முதலியோரும், கார்த்திக் முரளிதரன் முதலியோரும் தனித்தனியே நிகழ்த்திய ஆய்வுகள், கைரேகைச் சரிபார்ப்பு மட்டும் கசிவைக் குறைத்ததற்குச் சான்று காட்டவில்லை. ஆதாரை இணைக்காத குடும்பங்கள் பொருளை இழந்ததைக் காட்டின. 2017இல் அங்கு கருவியிலுள்ள இருப்பை அடிப்படையாகக் கொண்டு கடைகளுக்கான ஒதுக்கீடு கழிக்கப்பட்டது. அரசு தந்த அளவு குறைந்தது. கசிவும் ஓரளவு குறைந்தது. ஆனால் ஏட்டில் இருந்து கடையில் இல்லாத அரிசியின் பெயரால், ஒரு பகுதி இழப்பு குடும்பங்களின் தலையிலும் விழுந்தது. வேறு வழியைத் தேர்ந்த மாநிலமும் உண்டு. சத்தீஸ்கர் பொது விநியோக லாரிகளுக்கு மஞ்சள் வண்ணம் பூசியது. மஞ்சள் லாரி தவறான சாலையில் நின்றால் சிற்றூர்வாசி எவரும் கண்டுகொள்ளலாம். மூட்டைக்கு அடையாளம் இட முடியாத இடத்தில் வண்டிக்கு அடையாளம் இட்ட அந்த அறிவு எளிமையானது. மனிதரின் விரலைக் கேட்காதது.

6. கிடங்குக்கும் கடைக்கும் இடையே

திருட்டுத் தடுப்புத் தொழில் வகுத்த நான்கு காரணங்களுள் மூன்றாவது, வழங்குநர் குறைத்துத் தருவது. நியாயவிலைக் கடையில் வழங்குநர் அரசின் கிடங்கு. அங்கிருந்து வரும் மூட்டைகள் எண்ணிக்கையால் கணக்கிடப்படுகின்றன. 50 கிலோ சிப்பம் 50 கிலோவாகவே கருவியில் வரவாகிறது. சாக்கின் எடை, ஈரம் வற்றுதல், கொக்கி குத்திய துளையில் சிந்துதல், வேண்டுமென்றே எடுத்தல் ஆகிய எதுவும் அந்த வரவில் இல்லை. குறைந்த மூட்டையை முழு மூட்டையாக ஏற்றுக்கொண்ட விற்பனையாளர், ஆய்வின்போது குறைவு கண்டால் அபராதம் கட்டவேண்டும். அபராதத்தைத் தவிர்க்க ஒவ்வோர் அட்டைக்கும் சில நூறு கிராம் குறைப்பார். இது அனைவரும் அறிந்த வழக்கம். பொருள்களைச் சரியான எடையில், பொட்டலமாகத் தரவேண்டும் என்பது நியாயவிலைக் கடைப் பணியாளர் சங்கங்களின் நெடுநாள் கோரிக்கை. அக்கோரிக்கையை ஊழலுக்கான சாக்குப்போக்கு என்று புறந்தள்ளுவது எளிது. ஆனால் கணக்கின் அமைப்பே அவர்களை அந்நிலையில் நிறுத்தியுள்ளது என்பதை மறுப்பது கடினம். மளிகைக் கடையில் மேடைக்குப் பின்னே நின்று முதல் ஐயத்தைச் சுமந்த கடைப்பையனின் இடத்தில் இங்கு விற்பனையாளர் நிற்கிறார்.

வாங்குபவரின் பக்கம் பார்த்தாலும் இதே வடிவம் தெரிகிறது. கே.ஜி.கண்டிகை போன்ற ஊரிலிருந்து ஒரு மூட்டை அரிசி எல்லை கடக்க, கிடங்கு, வண்டி, கடை, வீடு, இடைத்தரகர், ஆலை எனப் பல இடங்கள் உள்ளன. இவற்றுள் மனித உடலின் அடையாளம் கேட்கப்படும் இடம் ஒன்றே. அங்கு நிற்பவர் 20 கிலோ அரிசி பெற வந்தவர். கடை வாயிலில் தூண் நிறுத்திய தொழிலின் தருக்கம் இங்கும் தொடர்கிறது. வேறுபாடு ஒன்று உண்டு. துணிக்கடையில் தூண் தவறாக ஒலித்தால் வாங்குபவர் சற்று நாணி நின்றுவிட்டுச் சட்டையுடன் வீடு செல்வார். இங்கு கருவி தவறாக மறுத்தால் அவர் வெறுங்கையுடன் திரும்புகிறார். நாட்கூலியை மறுநாளும் இழந்து வரிசையில் நிற்கிறார்.

அண்மையில் நியாயவிலைக் கடைகளின் மின்னணு எடைத்தட்டை விற்பனை முனையக் கருவியுடன் புளூடூத் வழியே இணைக்கும் முறை புகுத்தப்பட்டது. தட்டில் குறித்த எடை வந்தாலன்றி விற்பனை பதிவாகாது. குறைத்து அளப்பதற்கு இது வலிமையான தடை. அட்டைதாரர்க்கு நேரடியான நன்மையும் உண்டு. இணைப்பால் ஒவ்வொரு பொருளுக்கும் நேரம் கூடுகிறது என்றும், கிடங்கிலும் இதே முறையில் எடைபோட்டு மூட்டைகளை ஒப்படைக்க வேண்டும் என்றும் பணியாளர் சங்கங்கள் வலியுறுத்தின. கடைத்தட்டில் கிராம் வரை நுணுகிப் பார்க்கும் கணக்கு, கிடங்கு வாயிலில் மூட்டையை எண்ணுவதுடன் நின்றுவிடுகிறது என்பதே அவர்கள் வாதத்தின் சாரம்.